காலி நாற்காலியின் கீழ் எல்லாம்

பேராசிரியர் ரோங்கின் தத்துவத்தை ஒரே வரியில் சொல்லிவிடலாம். அவர் நான்கு தடித்த நூல்களில் சொன்னார். வானத்தின் கீழ் உள்ளதெல்லாம் ஒரே வீடு; அதற்கு வெளியே என்று ஓர் இடமே கிடையாது; ஆகவே உலகில் வெளியாள் என்று எவருமில்லை. பேராசிரியர் ஃபெய் மட்டும் விதிவிலக்கு.

இருவரும் ஒரு காலத்தில் பெய்ஜிங் விடுதியொன்றில் ஒரே இரும்புக் கட்டிலின் மேல்தட்டிலும் கீழ்த்தட்டிலும் படுத்தவர்கள். பிறகு ஃபெய், உலகம் வீடல்ல, சந்தை முக்கு, தடி வைத்திருப்பவன் சொல்வதே அங்கே ஒழுங்கு என்று எழுதினார். ரோங்கின் கொள்கையைப் ‘பனிமூட்டத்தில் கட்டிய அரண்மனை’ என்றும் எழுதினார். அன்றிலிருந்து இருவரும் அடிக்குறிப்புகளில் மட்டுமே பேசிக்கொண்டார்கள்.

இவர்களுக்கு நடுவில் மாட்டிக்கொண்டவன் கெங் பின், ரோங்கின் ஆய்வு மாணவன். இன்று பிற்பகல் அவனுக்கு வைவா, ஆய்வேட்டுக்கான வாய்மொழித் தேர்வு. நூடுல்ஸுக்குப் பேர்போன லான்ஜோவில் விரிவுரையாளர் வேலை ஒன்று அவனுக்காகக் காத்திருந்தது. இந்த மே மாதத்தில் பட்டம் வராவிட்டால் அது வேறொருவருக்குப் போய்விடும். கைடான ரோங்குக்கு ஓட்டு இல்லை. தேர்வுக் குழுவில் ஐந்து பேர். தலைவர் வேறு பல்கலைக்கழகத்துக்காரராக இருக்க வேண்டும் என்பது விதி. அவர் முகம் சாயும் பக்கம்தான் மற்ற நால்வரின் ஓட்டும் சாயும். வெளியாளே இல்லாத உலகத்தைப் பற்றிய ஆய்வுக்குத் துறை தேடிப்பிடித்து அழைத்த வெளியாள், ஃபெய்.

“மதியச் சாப்பாட்டுலயே அவரைக் குளிர வச்சிருடா. பசியோட வர்ற எக்ஸாமினரும் புலியும் ஒண்ணு” என்றாள் சூ யிங். அவனுக்கு மூத்த மாணவி, குழுவுக்குச் செயலர். “யாரை எங்க உட்கார வைக்கிறதுன்னு யோசிச்சியா?”

“யோசிச்சேன்க்கா. எனக்கு ஒரு சின்ன மாரடைப்பு வந்தா எல்லாருக்கும் நல்லது.”

பந்திக்கு முந்து என்று சொல்லிவைத்தவர் பெய்ஜிங் பேராசிரியர்களோடு சாப்பிட்டவரல்லர். உணவகத் தனியறையின் வட்ட மேசையில் கதவைப் பார்த்திருக்கும் நாற்காலிதான் தலைமை இடம். அதில் ஒருவர் அமராமல் மற்றவர்கள் அமர முடியாது. சொன்னவுடன் அமர்பவர் பண்பில்லாதவர்.

“நீங்கதான் உட்காரணும். குழுத் தலைவர்” என்றார் ரோங்.

“சேச்சே. வீட்டுக்காரர் நீங்க. வெளியாளே இல்லாத வீடு வேற” என்றார் ஃபெய்.

“உங்களுக்கு வயசு மூணு மாசம் அதிகம்.”

“உங்க புத்தகம் மூணு கிலோ அதிகம்.”

ரோங் ஃபெய்யின் முழங்கையைப் பிடித்து நாற்காலிப் பக்கம் தள்ளினார். ஃபெய் கதவுநிலையைப் பற்றிக்கொண்டு எதிர்த்தார். தெரியாதவர்கள் பார்த்தால் போலீசைக் கூப்பிட்டிருப்பார்கள். உள்ளே நடந்தது மரியாதை. ஆவி பறக்க மீன் வந்து சுழல்தட்டில் இறங்கியது. மற்ற நான்கு உறுப்பினர்களும் நின்றபடியே அதைப் பார்த்தார்கள்.

கெங் பின்னுக்குத் தன் ஆய்வேட்டின் நான்காம் அத்தியாயம் நினைவுக்கு வந்தது. உலகத்தின் நடு இருக்கை எந்த நாட்டுக்கும் சொந்தமாகக் கூடாது. அதைக் காலியாக விட்டால் அச்சமில்லாத ஒழுங்கு தானே பிறக்கும். எழுதியவனே அதைச் சோதிக்காவிட்டால் வேறு யார் சோதிப்பது?

“அந்த நாற்காலி காலியாவே இருக்கட்டும் சார்” என்றான்.

இரு பேராசிரியர்களும் சட்டென்று பிடியை விட்டார்கள். காலி நாற்காலியின் இடப்பக்கம் ஒருவர், வலப்பக்கம் ஒருவர். எல்லோரும் அமர்ந்தார்கள்.

அறையில் அமைதி. அமைதி என்றால் அப்படியோர் அமைதி. ஒருவர் சட்டைக் காலரைச் சரிசெய்தார். இன்னொருவர் கைப்பேசியைப் பைக்குள் ஒளித்தார். “துணைவேந்தரா?” என்று ஒருவர் கிசுகிசுக்க, “அதுக்கும் மேல போல” என்றார் பக்கத்திலிருந்தவர். உணவக மேலாளர் எட்டிப் பார்த்தார், காலி நாற்காலியைக் கண்டார், ஓடிப்போய் நல்ல கோப்பை ஒன்றைக் கொண்டுவந்து அதன் முன்னால் வைத்தார். யாரும் சாப்பிடும் குச்சியைத் தொடவில்லை. ஃபெய் ரோங்கிடம் உடல்நலம் விசாரித்தார். ரோங் ஃபெய்யின் கட்டுரைகளைப் புகழ்ந்தார்.

உலக அமைதி இவ்வளவு எளிதா என்று கெங் பின் கொஞ்ச நேரம் பெருமைப்பட்டான். பிறகுதான் உறைத்தது: அவர்கள் காத்திருக்கிறார்கள்.

“யாருடா வர்றாங்க?” என்று காதோரம் கேட்டாள் சூ யிங்.

“யாரும் வரலக்கா.”

“சொல்லித் தொலை.” ஒரு கணம் யோசித்தாள். “வேணாம், சொல்லாத. ஐஞ்சு எக்ஸாமினரையும் முட்டாளாக்கினேன்னு தெரிஞ்சா இன்னிக்கே உனக்குக் கருமாதி.”

மீன் ஆறிக்கொண்டிருந்தது. சொல்லாவிட்டால் ஐந்து புலிகள் பட்டினியோடு வைவாவுக்கு வரும். அதைவிட, அவன் எழுதியது பொய்யென்று அவன் கண்ணெதிரே உட்கார்ந்திருந்தது. கெங் பின் எழுந்தான்.

“மன்னிச்சுக்கங்க சார். யாரும் வரல. சும்மாதான் காலியா விடச் சொன்னேன்.”

ஃபெய் தன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “அப்ப இவ்வளவு நேரம் யாருக்குப் பயந்தோம்?”

“நாற்காலிக்கு சார்.”

“உன் நாலாவது அத்தியாயம் என்ன சொல்லுது?”

கெங் பின் ரோங்கைப் பார்த்தான். ரோங் மீனைப் பார்த்தார்.

“காலியா இருந்தா பயம் வராதுன்னு சொல்லுது. அது தப்பு சார். யார் வருவாங்கன்னு தெரியாதப்பதான் பயம் ஜாஸ்தி. யார் உட்காரலாம், எப்ப எந்திரிக்கணும்னு எல்லாரும் முதல்ல கலந்து பேசணும். பேசாம விட்டா, அது வரப்போற எவனோ ஒருத்தனுக்குத் துண்டு போட்டு வச்ச இடம்தான்.”

ஃபெய் மெல்லத் திரும்பினார். “ஏம்ப்பா ரோங்கு, நான் இதைத்தான அப்பவே கேட்டேன்?”

“நீ எங்க கேட்ட? அரண்மனைன்னு எழுதின.”

“அரண்மனைங்கறது பாராட்டுய்யா. பனிமூட்டம்தான் திட்டு.”

“சரி, இதுக்குப் பதில் சொல்லு. தடியில்லாம ஒழுங்கு வராதுன்னியே. இங்க யார் கையில தடி இருந்துச்சு? எல்லாரும் உட்கார்ந்தோம்ல?”

“பயந்து உட்கார்ந்தோம்.”

“இப்பதான் பயம் போயிருச்சே. இன்னும் உட்கார்ந்துதான இருக்கோம்.”

ஃபெய் குச்சியை எடுத்தார். மீனிலேயே ருசியான கன்னத்துச் சதையைப் பிய்த்து ரோங்கின் கிண்ணத்தில் போட்டார். மற்றவர்களும் குச்சியை எடுத்தார்கள். அதன்பின் நடந்தது சாப்பாடா சண்டையா என்று சொல்வது கடினம். இரண்டுமே சூடாக நடந்தன.

வைவாவில் ஃபெய் இரக்கம் காட்டவில்லை. நான்காம் அத்தியாயத்தை முள் முள்ளாகப் பிரித்துப்போட்டார். கெங் பின் சிலவற்றுக்குப் பதில் சொன்னான்; சிலவற்றுக்குத் தெரியாது என்றான். ஓட்டெடுப்பு முடிந்ததும் எல்லோரும் எழுந்து நிற்க, தலைவர் முடிவை வாசித்தார்: ஒருமனதாகத் தேர்ச்சி, நான்காம் அத்தியாயம் திருத்தப்பட வேண்டும்.

சூ யிங் அவன் முதுகில் ஓங்கி ஒன்று வைத்தாள். “லான்ஜோ போய் நூடுல்ஸ் தின்னே கொழுக்கப்போற.”

“திருத்தினதை முதல்ல எனக்கு அனுப்பு” என்றார் ஃபெய்.

“நான் கைடு. எனக்குத்தான் முதல்ல” என்றார் ரோங்.

“உனக்கு வந்தா மறுபடி பனிமூட்டத்தை ஊதி விட்டுருவ.”

“உனக்கு வந்தா பக்கத்துக்குப் பக்கம் தடி முளைக்கும்.”

“ரெண்டு பேருக்கும் ஒரே நேரத்துல அனுப்பிடறேன் சார்” என்றான் கெங் பின்.

“அதெல்லாம் முடியாது” என்றார்கள் இருவரும், ஒரே குரலில்.

சூ யிங் குறிப்பெடுத்துக்கொண்டாள். பல ஆண்டுகளில் இரு தரப்பும் முழுமையாக உடன்பட்ட முதல் விஷயம் அது.