தரையில் படாத கால்

நாலு பேரும் வாசலில் நின்றுகொண்டே இருந்தார்கள். முத்துமீனா பக்கத்து வீடுகளில் இரவல் வாங்கிப் போட்ட நாலு பிளாஸ்டிக் நாற்காலியும் அவர்களுக்கு முன்னால் காலியாகக் கிடந்தன. மூன்று தடவை உட்காரச் சொல்லிவிட்டாள். உட்கார்ந்தால் நேரமாகிவிடும் என்றார் நல்லகாமன். நின்றால் மட்டும் நேரம் நின்றுகொள்ளுமா என்று அவளுக்குக் கேட்கத் தோன்றியது. டீ போட்டுக் கொண்டுவந்தாள். நாலு பேருக்கும் ஒரே காலையில் சர்க்கரை நோய் வந்துவிட்டது. அவள் புருசன் சின்னான் கடைக்கு ஓடி நாலு தண்ணீர் பாட்டில் வாங்கிவந்தான். அதை வாங்கிக்கொண்டார்கள். மூடி உடைக்காத பாட்டிலுக்குத் தீட்டு இல்லை என்பது பூலாம்பொட்டலில் புதிதாக வந்திருக்கிற சட்டம்.

நல்லகாமன் ஊர்க் கமிட்டித் தலைவர். அவர் காலனிக்குள் கால் வைத்தது, சின்னானுக்குத் தெரிந்து, இது இரண்டாவது தடவை. முதல் தடவை ஓட்டுக் கேட்க வந்தார்.

இப்போது வந்த காரியம் பாண்டிராஜ். முத்துமீனாவின் மூத்த மகன், இருபத்தொரு வயது, கோவாவில் ஒரு பெரிய கிளப்புக்குப் பந்து விளையாடுகிறான். போன மாசம் இடது ஓரத்திலிருந்து மூன்று பேரைத் தாண்டிக்கொண்டு போய் அவன் அடித்த கோல், மதுரை ஜில்லாவில் போன் வைத்திருக்கிற எல்லார் கையிலும் ஓடியது. அதோடு விட்டிருந்தால் கமிட்டியும் பேசாமல் இருந்திருக்கும். பக்கத்து ஊர்க்காரர்கள் முந்திக்கொண்டு, ‘எங்கள் மண்ணின் மைந்தன்’ என்று மெயின் ரோட்டில் பிளக்ஸ் கட்டிவிட்டார்கள். நம்ம ஊர்ப் பையனை அடுத்த ஊர்க்காரன் சொந்தம் கொண்டாடுவதா என்று கமிட்டிக்காரர்கள் குடியிருக்கிற மந்தைத் தெரு கொதித்துப்போனது. அந்தத் தெருவில் யாரும் அவனை நம்ம ஊர்ப் பையன் என்று சொன்னது அன்றைக்குத்தான் முதல் முறை.

ஊர்க் கோயிலின் வைகாசிப் பொங்கலுக்கு அவன் வரவேண்டும், மந்தைத் தெரு வழியாக ஊர்வலம், கோயில் முன்னால் மாலை மரியாதை. இதைச் சொல்லத்தான் நாலு பேரும் நின்றார்கள். சின்னான் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது. அவன் நல்லகாமனின் தென்னந்தோப்புக்குத் தண்ணீர் பாய்ச்சுகிறவன். முதலாளி வாயிலிருந்து இத்தனை நல்ல வார்த்தைகளை ஒரே மூச்சில் அவன் கேட்டதில்லை.

போனைப் போட்டு மகனைக் கூப்பிட்டார்கள். பாண்டிராஜ் எல்லாவற்றையும் பொறுமையாகக் கேட்டான்.

“சரிங்கய்யா, வாரேன். ஒண்ணே ஒண்ணு. எங்கம்மா அந்தத் தெருவுல செருப்போட வரணும். அது நடக்கும்னா நானும் வாரேன்.”

ஸ்பீக்கரில் போட்டிருந்ததால் காலனியே கேட்டது. நல்லகாமன் பாட்டிலின் மூடியைத் திருகித் திருகிப் பார்த்தார். “பேசிட்டுச் சொல்றோம் தம்பி” என்றார். முன்பெல்லாம் அவனுக்கு அவர் வைத்திருந்த பெயர் தம்பி இல்லை.

காலனிக்கும் பஸ் நிற்கிற இடத்துக்கும் நடுவில்தான் மந்தைத் தெரு. முந்நூறு காலடி இருக்கும். காலனி ஆட்கள் தெருமுனையில் செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொள்வார்கள். மறுமுனையில் போட்டுக்கொள்வார்கள். கழற்றச் சொல்லி எந்தப் போர்டும் கிடையாது. யாரும் சத்தம் போட்டதும் கிடையாது. ஒரு முறை விசாரிக்க வந்த அதிகாரியிடம் நல்லகாமனே சொன்னார், அவர்களாக விரும்பிக் கழற்றுகிறார்கள் என்று. அதிகாரி அதை அழகாக எழுதிக்கொண்டு, மோர் குடித்துவிட்டுப் போனார். முத்துமீனா கல்யாணமாகி வந்து இருபத்தாறு வருசமாக விரும்பி விரும்பிக் கழற்றிக்கொண்டிருக்கிறாள்.

பாண்டிராஜ் பந்து பழகியது கண்மாய்க்குள். தண்ணீர் வற்றிய மாசங்களில் அது மைதானம். தண்ணீர் வந்தால் விளையாட்டு இல்லை. ஊர் மந்தையில் நல்ல சமதரை கிடந்தது, ஆனால் அங்கே மாடு கட்டுவார்கள், காலனிப் பிள்ளைகள் போகமுடியாது. அவனுக்குப் பன்னிரண்டு வயசில், திருப்பரங்குன்றத்தில் பள்ளிக்கூடங்களுக்கு இடையே மேட்ச் என்று சொன்னபோது, முத்துமீனா டவுனுக்குப் போய் பிளாட்பாரத்தில் ஒரு பழைய பூட்ஸ் வாங்கிவந்தாள். அடியில் குமிழ் குமிழாக வைத்தது. ஒரு சைஸ் பெரிசு. முனையில் துணியைத் திணித்துப் போட்டுக்கொண்டான். மேட்ச் அன்றைக்குப் பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று போட்டபடியே மந்தைத் தெருவில் ஓடினான்.

நல்லகாமன் அவனை அடிக்கவில்லை. அவர் அடிக்கிற ஆளே இல்லை. நியாயமான மனுசன் என்று பெயர். பூட்ஸைக் கழற்றித் தலையில் வைத்துக்கொண்டு தெருவின் இந்த முனைக்கும் அந்த முனைக்கும் ஒரு நடை போய்வரச் சொன்னார், அவ்வளவுதான். பையன் நடந்தான். பஸ் போய்விட்டது. அடுத்த பஸ்ஸைப் பிடித்து, இரண்டாவது பாதியில் இறங்கி, மூன்று கோல் அடித்தான். அங்கே இருந்துதான் விளையாட்டு விடுதிக்கு எடுத்தார்கள். பிறகு சென்னை, பிறகு கோவா. லீவுக்கு வந்தாலும் அவன் மந்தைத் தெருவை மிதித்ததில்லை. கண்மாய்க் கரையைச் சுற்றி இரண்டு கிலோமீட்டர் நடந்து வீட்டுக்கு வருவான். வெறுங்காலோடு அந்தத் தெருவில் வரமாட்டான்; செருப்போடு வந்தால் அப்பா வேலை போய்விடும்.

கமிட்டி மூன்று நாள் கூடியது. செருப்போடு விட்டால் சாமி குத்தம். விடாவிட்டால் பக்கத்து ஊர்க்காரன் அவனைக் கூட்டிப்போய் மாலை போட்டுவிடுவான். இரண்டில் எது பெரிய குத்தம் என்று முடிவு செய்யமுடியாமல் பெரியவர்கள் திணறினார்கள். கடைசியில் வழி சொன்னவன் நல்லகாமனின் மகன் சிவக்குமார். இன்ஜினியரிங் படித்துவிட்டு பிளக்ஸ் கடை வைத்திருப்பவன்.

“தரையில கால் பட்டாத்தானப்பா செருப்பு? ஆத்தாளையும் மகனையும் ஜீப்புல ஏத்திருவோம்.”

கூட்டமே அவனைக் கும்பிடாத குறை. அம்புட்டுப் படிப்பும் வீண்போகவில்லை என்று நல்லகாமன் முதல் முறையாக மகனைப் பாராட்டினார்.

சேதி காலனிக்கு வந்தபோது சின்னான் சந்தோசத்தில் குதித்தான். ஜீப்பில் போகிற அளவுக்கு நம் பிழைப்பு ஆகிவிட்டதே என்றான். முத்துமீனாவுக்கு உடனே விளங்கிவிட்டது. மகனுக்கும் விளங்கியது. அவன் வரமாட்டேன் என்று போனில் கத்தினான். நம்மைத் தூக்கிப்போய் வைக்கிறார்கள், தரையில் விடக்கூடாது என்றுதான் தூக்குகிறார்கள் என்றான்.

இந்தப் பொங்கலுக்கு அவன் வராவிட்டால் புருசனுக்குத் தோப்பு வேலை இருக்காது என்பது முத்துமீனாவுக்குத் தெரியும். அதைவிட அவளுக்கு ஒரு ஆசை இருந்தது. அந்தத் தெருவில் ஒரே ஒரு நாளாவது மகன் நிமிர்ந்து போவதைப் பார்க்கவேண்டும்.

“நீ வாய்யா. ஜீப்பு போற மட்டும் போகட்டும். நானும் செருப்பப் போட்டுக்கிட்டே ஏறி உக்காருறேன். என்ன செய்யுறாகன்னு பாப்போம்.”

பொங்கல் அன்றைக்குத் தெருமுனையில் முப்பதடிப் பிளக்ஸ். பாண்டிராஜின் படம் நடுவில், சுற்றிலும் கமிட்டிக்காரர்கள் கும்பிட்டபடி. படத்தில் அவன் முழங்காலோடு நின்றுபோயிருந்தான். பூட்ஸ் கால் பெரியவர்கள் தலைக்கு மேலே வருகிறது என்று சிவக்குமார் வெட்டிவிட்டான். கால்பந்துக்காரன் படத்தில் காலைத் தவிர எல்லாம் இருந்தது. பந்தை அவன் நெஞ்சுக்கு நேராக அந்தரத்தில் ஒட்டியிருந்தார்கள்.

ஜீப் மதுரை செல்லூரிலிருந்து வந்தது. கல்யாண ஊர்வலத்துக்கு வாடகைக்கு விடுகிற மேல்திறந்த ஜீப். ஓட்டிவந்தவன் பரீத். காலனி வாசலிலேயே தாயும் மகனும் ஏறினார்கள். பாண்டிராஜ் கிளப் சட்டையும் பூட்ஸும் போட்டு நின்றான். முத்துமீனா புதுச் சேலையும், ரப்பர் செருப்புமாகப் பின் சீட்டில் உட்கார்ந்தாள். சின்னான் வெறுங்காலோடு ஜீப்புக்குப் பின்னால் வந்தான். அவனை ஏற்றவேண்டும் என்று யாரும் நிபந்தனை போடவில்லை.

கமிட்டிக்காரர்கள் எல்லாரும் பொங்கலுக்குக் காப்புக் கட்டியிருந்தார்கள். காப்புக் கட்டினால் எட்டு நாளைக்குக் காலில் எதுவும் போடக்கூடாது. ஆகவே ஊர் முழுக்க வெறுங்கால், ஜீப்பில் இருந்த இரண்டு ஜோடிக் கால்களையும், டிரைவர் காலையும் தவிர. இது முதலில் யாருக்கும் உறைக்கவில்லை. கொட்டு முழங்கியது. சிவக்குமார் முன்னால் பின்பக்கமாக நடந்தபடி போனில் நேரலை போட்டான். எட்டாயிரம் பேர் பார்க்கிறார்கள் என்று கூவினான்.

கோயிலுக்கு நூறடி இருக்கும்போது தெரு ஏறுமேடு. அங்கே ஜீப் இருமியது, புகைந்தது, நின்றுவிட்டது. பரீத் இறங்கி மூடியைத் திறந்து பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினான்.

“கிளட்ச் போயிருச்சுண்ணே. அந்தா தெரியுது கோயிலு. ரெண்டு பேரும் எறங்கி நடந்தா முடிஞ்சுபோச்சு.”

அவன் வெளியூர்க்காரன், பாவம். கொட்டுக்காரர்கள் கொட்டை நிறுத்திவிட்டார்கள். இறங்கச் சொல்லவேண்டும் என்றால் கழற்றச் சொல்லவேண்டும். கழற்றச் சொன்னால் எட்டாயிரம் பேர் பார்ப்பார்கள். கமிட்டி அங்கேயே நின்றபடி அவசரக் கூட்டம் போட்டது. ஒரு நிமிசத்தில் தீர்மானம் நிறைவேறியது. தள்ளுவோம்.

தள்ளினார்கள். மேட்டில் ஜீப் ஒரு முழம் ஏறி அரை முழம் இறங்கியது. வைகாசி வெயில். தார் ரோடு கொதித்தது. வெறுங்கால்கள் ஒன்று மாற்றி ஒன்று துள்ளின. நாற்பது வயசுக்காரர்களே நாக்குத் தள்ளிப்போனார்கள். நல்லகாமனுக்கு அறுபத்தெட்டு. தலைவர் தொடாமல் இருந்தால் மற்றவர்கள் தொடமாட்டார்கள் என்பதால் அவரும் முட்டுக்கொடுத்தார்.

முத்துமீனா மேலே இருந்து பார்த்தாள். அவர் உச்சந்தலையில் முடி இல்லை என்பது இன்றைக்குத்தான் அவளுக்குத் தெரிந்தது. இத்தனை வருசத்தில் அந்தத் தலையை மேலே இருந்து பார்க்க வாய்த்ததில்லை. அதில் வேர்வை கொப்புளம் கொப்புளமாக நின்றது. கழுத்து நரம்பு புடைத்தது. ஒரு கட்டத்தில் அவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு வாயைத் திறந்து திறந்து மூடினார்.

பாண்டிராஜ் குனிந்து, “போதும்யா, விடுங்க” என்றான். அவர் விடவில்லை. விட்டால் ஜீப் பின்னால் உருளும். ஜீப் நின்றால் இவர்கள் இறங்குவார்கள்.

கடைசியில் அவரே நிமிர்ந்து பார்த்தார். பல்லைக் கடித்துக்கொண்டு, மெதுவாக, அவளுக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொன்னார்.

“தாயி, எறங்கிக்கங்க. ஆனா…” கண் அவள் காலுக்குப் போய்த் திரும்பியது.

“ஆனா என்னங்கய்யா? சத்தமாச் சொல்லுங்க. கொட்டுச் சத்தத்துல காது அடைச்சிருச்சு.”

கொட்டு நின்று வெகுநேரமாகியிருந்தது. சிவக்குமார் போனை இந்தப் பக்கம் திருப்பினான். நல்லகாமன் போனைப் பார்த்தார். சிரிக்க வேண்டியிருந்தது, சிரித்தார்.

“ஒண்ணுமில்ல தாயி. பாத்து எறங்குங்க.”

முத்துமீனா இறங்கினாள். பரீத் கையைக் கொடுத்தான். ரப்பர் செருப்பு தாரில் பட்டதும் கால் கூசியது, சுடவில்லை. இந்தத் தெருவில் சுடாத தரையை அவள் மிதித்ததே இல்லை. மகன் பின்னால் குதித்தான். இரண்டு பேரும் மேட்டில் நடந்தார்கள். அவர்களுக்குப் பின்னால், ஊர்ப் பெயர் எழுதிய பேனர் கட்டிய ஜீப்பை நடுத்தெருவில் விட்டுவிட்டுப் போனால் ஊருக்குக் கேவலம் என்று, கமிட்டிக்காரர்கள் அந்தக் காலி ஜீப்பைத் தள்ளிக்கொண்டே வந்தார்கள்.

மாலை மரியாதை எல்லாம் குறைவில்லாமல் நடந்தது. வீரனைத் தோளில் தூக்காத குறையாகக் கொண்டாடிய கிராமம் என்று மறுநாள் பேப்பரில் வந்தது. பாண்டிராஜ் அன்று மாலையே விமானத்துக்குப் போய்விட்டான்; பயிற்சி ஆரம்பமாகிவிட்டது. போகும்போது மந்தைத் தெரு வழியாகத்தான் போனான்.

மறுநாள் காலை எட்டரை மணிக்கு முத்துமீனா நூறு நாள் வேலைக்குக் கிளம்பினாள். கூட ஐந்தாறு பெண்கள். தெருமுனைக்கு வந்ததும் அவர்கள் பழக்கத்தில் குனிந்து செருப்பை எடுத்துக்கொண்டார்கள். முத்துமீனா குனியவில்லை.

நல்லகாமன் வீட்டு வாசலில் குப்புறப் படுத்திருந்தார். இடுப்புக்குத் தைலம் தேய்த்துவிட்டிருந்தார்கள். செருப்புச் சத்தம் கேட்டுத் தலையைத் தூக்கினார்.

“ஏ முத்துமீனா. விழாதான் நேத்தோட முடிஞ்சுபோச்சுல்ல?”

நேற்றைய ‘தாயி’ போய்விட்டிருந்தது. அதை அவள் கவனித்தாள். மத்தியானத்துக்குள் சின்னானை இனிமேல் தோப்புக்கு வரவேண்டாம் என்று சொல்லியனுப்புவார்கள் என்பதும் அவளுக்குத் தெரிந்தது.

“ஆமாங்கய்யா, முடிஞ்சுபோச்சு. அதான் வேலைக்குப் போறேன்.”

பின்னால் வந்த பெண்கள் செருப்பைக் கையில் பிடித்தபடி, போவதா நிற்பதா என்று ஒருத்தி முகத்தை ஒருத்தி பார்த்தார்கள். முத்துமீனா திரும்பிப் பார்க்கவில்லை. ஒன்பது மணிக்குள் பஸ் ரோட்டுப் பக்கக் கண்மாய்க் கரையில் போய் நின்றால்தான் போட்டோ எடுத்து வருகை போடுவார்கள். அவள் எட்டிப் போட்டு நடந்தாள்.