சிக்ரிட்டின் தமிழ்க் குரல்

இதை நான் சரியாகத்தான் நினைவில் வைத்திருக்கிறேனா என்று தெரியவில்லை. அன்று சுரங்கத்தில் வெடி வைத்தது போன் வருவதற்கு முன்பா பின்பா என்று ஜுலைகாவே ஒவ்வொரு முறையும் வேறு மாதிரி சொல்கிறாள். ஜன்னல் கண்ணாடி அதிர்ந்ததை மட்டும் மாற்றிச் சொன்னதில்லை.

நெய்வேலி நகரியத்துக் குவார்ட்டர்ஸில், பீரோவுக்கும் சுவருக்கும் நடுவே மெத்தைகளை நிறுத்தி, அந்த இடுக்கில் மைக் வைத்து, வெளிநாட்டுப் படங்களுக்கும் தொடர்களுக்கும் தமிழில் டப்பிங் பேசுகிறவள் ஜுலைகா. கதாநாயகிகளுக்கு அல்ல, நர்ஸ், வேலைக்காரி, செத்தவனின் அம்மா. அந்த வேடங்களில் அடிக்கடி வந்தவள் சிக்ரிட் ஓஸ்லிந்த் என்ற ஸ்வீடன் நடிகை. இருபது வயதில் மேடை ஏறியவள். அறுபது தாண்டியும் யாரோ ஒருவருடைய கதையில் கதவைத் திறந்துவிட்டுப் போகிறவள். அவளுடைய பழைய நாடகம் ஒன்றின் பதிவை ஜுலைகா தேடிப் பிடித்துப் பார்த்திருந்தாள். கடைசிக் காட்சி முழுக்கக் கையில் தட்டுடன் சுவரோரம் நிற்கிறாள் சிக்ரிட். ஒரே ஒரு வசனம். அதைச் சொல்லும் முன் எச்சிலை விழுங்குகிறாள். அன்றிலிருந்து சிக்ரிட்டுக்குப் பேசும்போதெல்லாம் ஜுலைகாவும் விழுங்கிவிட்டுத்தான் வாயைத் திறப்பாள்.

சென்னை ஸ்டுடியோவில் யாருக்கு யார் குரல் என்று ஏற்பாடு செய்யும் சசிகுமார் ஒருநாள் கூப்பிட்டான்.

“அக்கா, உங்க சிக்ரிட் இந்தப் படத்துல ஹீரோயின். படம் பூரா அவங்கதான்.”

சுரங்கத்தில் நைட் ஷிப்ட் முடிந்து வந்து படுத்திருந்த கணவர் அப்துல் கபாரை அவள் உலுக்கி எழுப்பினாள்.

“என்னங்க, சிக்ரிட்டுக்கு லீடு ரோல் கெடச்சிடுச்சு!”

“தூங்கிகினு இருக்கிறவன எழுப்பி… யாருக்கு பிரமோஷன், உனக்கா?”

“அவங்களுக்குங்க.”

“அப்ப அவங்களையே பிரியாணி போடச் சொல்லு.”

ஜுலைகா சிரித்தாள். தொழுகையில் சிக்ரிட்டுக்காகவும் துஆ கேட்டாள். முன்னோட்டத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்து, அந்த முகத்துக்குப் பொருந்தும் மூச்சைப் பழகினாள்.

இரண்டாவது போன் அப்போதுதான் வந்தது.

“லீடுக்கு இங்க பெரிய வாய்ஸ்தான் போடுவாங்கக்கா. எப்பவும் அப்படித்தான். உங்களுக்குப் பக்கத்து வீட்டம்மா ரோல் வெச்சிருக்கேன்.”

“அப்ப சிக்ரிட் வேற குரல்லயா பேசும்?”

“பாக்கறவங்களுக்கு அதெல்லாம் தெரியாதுக்கா.”

கண்ணாடி அதிர்ந்தது. வெடியாகத்தான் இருக்க வேண்டும். சசிகுமார் வைத்த பிறகும் அவள் போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை.

ஆனாலும் பேச ஒத்துக்கொண்டாள். ஹெட்போனை மாட்டினாள்; நாயகிக்கு ஏற்கெனவே பதிவாகியிருந்த குரல் அதில் ஓடியது. திரையில் சிக்ரிட் கதவைத் திறந்தாள், வாயசைத்தாள். தன் வீட்டுக் கதவைத் தட்டினால் முன்பின் தெரியாத ஒருத்தி வந்து ‘யாருங்க வேணும்?’ என்று கேட்டதுபோல இருந்தது ஜுலைகாவுக்கு. நல்ல குரல்தான். ஆனால் சிக்ரிட் எச்சில் விழுங்கும் முன்பே அது பேச ஆரம்பித்திருந்தது. அவள் பேசாமல் இருக்கும் இடம் எதையும் அது விட்டுவைக்கவில்லை.

பக்கத்து வீட்டுக்காரிக்கு முதல் வசனம்: “உள்ளே வரலாமா?”

ஜுலைகா விழுங்கினாள். பேசினாள்.

போன் வழியே கேட்டுக்கொண்டிருந்த சசிகுமார் நிறுத்தினான். “அக்கா, இது சிக்ரிட் குரலாச்சே. கொஞ்சம் மாத்திப் பேசுங்க.”

“என்னது?”

“போன சீரியல்ல அவங்களுக்கு உங்க குரலக் கேட்டவங்க குழம்பிடுவாங்கக்கா.”

“பாக்கறவங்களுக்குத் தெரியாதுன்னியேப்பா?”

அவன் வசனத்தாளைப் புரட்டும் சத்தம் கேட்டது.

“இது என் தொண்ட, தம்பி. இத எங்க கொண்டுபோய் மாத்தறது?”

“மூக்கால பேசிப் பாருங்களேன்.”

அவள் மறுபடி திரையைப் பார்த்தாள். சிக்ரிட் வாசலிலேயே நின்றிருந்தாள். ஜுலைகா விழுங்கினாள். முதலில் பேசியது போலவே, அதே குரலில், “உள்ளே வரலாமா?” என்றாள். பிறகு மைக்கை அணைத்தாள்.

பக்கத்து வீட்டுக்காரிக்குச் சென்னையில் ஒரு பெண் பேசினாள். படம் வந்தது, போனது. சிக்ரிட்டுக்கு மறுபடி நாயகி வேடம் கிடைக்கவில்லை. அடுத்து வந்த தொடரில் டிக்கெட் கொடுப்பவளாக வந்தாள். அவளுக்குத் தமிழ் பேசியது இன்னொருத்தி. சசிகுமார் விளம்பரக் கம்பெனிக்கு மாறிவிட்டான். கபார் ஜெனரல் ஷிப்டுக்கு வந்துவிட்டார். ஜுலைகா குழந்தைகள் தொடர் ஒன்றில் ஆமைக்குக் குரல் கொடுக்கிறாள். சிக்ரிட்டின் படங்களைத் தமிழை அணைத்துவிட்டு ஸ்வீடிஷிலேயே பார்க்கிறாள்.