கூவல் கேட்காத ஓடை

கடையில் யாராவது சத்தம் போட்டுவிட்டுப் போனால் நான் கண்ணை மூடிக்கொள்வேன். சின்ன வயதில் குளித்த ராஜபாளையத்து மலையடி ஓடை மனசுக்குள் வந்துவிடும். கணுக்கால் தண்ணீர், மாமர நிழல், கூழாங்கல். ஸ்ரீவில்லிபுத்தூரில் செருப்புக்கடை போட்ட நாளிலிருந்து எனக்கு இதுதான் மருந்து. வைத்தியம் ஆரம்பித்தாயிற்றா என்று என் மனைவி நூர்பானு கிண்டல் செய்வாள்.

அந்த ஓடையை ஒன்பது வயது மகள் சுமையாவுக்குக் காட்டியே தீருவதென்று ஐப்பசியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை பைக்கை எடுத்தேன். மலைமேல் மேகம் நிற்கிறதே என்றாள் நூர்பானு. எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. அங்கேயே கிடந்து வளர்ந்தவனுக்குப் பாடம் நடத்தாதே என்று சொல்லிவிட்டுத்தான் கிளம்பினேன்.

ஓடைக்கரை மாந்தோப்புகளில் ஒரு ஆள் இல்லை. வெயில் மண்டையைப் பிளந்தது. சுமையா நடு ஓடைப் பாறையில் ஏறி உட்கார்ந்துகொண்டாள். நான் கரையோரம் காலை நனைத்தபடி கண்ணை மூடினேன். கடையில் ஒருநாளும் வராத ஒன்று அப்போது வந்தது. ஒரு குரல்.

"ஏலே, மலையில தண்ணி எறங்கிருச்சு. கரையேறுங்கலே."

மேல்தோப்புக் காவல்காரர் கருத்தையாவின் குரல் அது. மலையில் மழை விழுந்தால் அவர் முதலில் கூவுவார். கேட்டதும் அடுத்த தோப்புக் காவல்காரர் கூவுவார். அப்படியே தோப்புக்குத் தோப்பு கீழே வரும். நாங்கள் டவுசரைக்கூட எடுக்காமல் கரைக்கு ஓடுவோம். வெள்ளம் இரைந்துகொண்டு போவதைப் பார்த்து நான் பயத்தில் ஏங்கி ஏங்கி அழுதிருக்கிறேன். முப்பது வருஷமாக அந்த அழுகை எனக்கு ஞாபகமே வரவில்லை. பாழாய்ப்போன மனசு நிழலையும் தண்ணீரையும் மட்டும் பத்திரமாக எடுத்து வைத்திருந்தது. நாங்கள் குளித்ததெல்லாம் கோடை லீவில். மரத்தில் காய் இருந்தது, காவலும் இருந்தது. ஐப்பசியில் மரத்தில் என்ன இருக்கிறது? யார் வந்து கூவுவார்கள்?

கண்ணைத் திறந்தேன். தண்ணீர் டீ நிறத்துக்கு மாறியிருந்தது. சருகுகள் கூட்டமாக மிதந்து வந்தன.

இறங்கி வா என்று கத்தினேன். இன்னும் செத்த நேரம் என்றாள் சுமையா. ஓடினேன். போகும்போது முழங்கால் அளவு தண்ணீர். அவளைத் தூக்கிக்கொண்டு திரும்பும்போது இடுப்பு. காலுக்கடியில் கற்கள் உருண்டன. சாகும் நேரத்தில் சொல்லும் கலிமா வாயில் தானாக வந்து பாதியில் நின்றது. பிள்ளை பயந்துவிடக் கூடாதென்று அவள் முகத்தை என் தோளோடு அமுக்கிப் பிடித்திருந்தேன். கரையேறித் திரும்பிப் பார்த்தபோது பாறையைக் காணவில்லை. அவள் முகத்தைத் தோளிலிருந்து எடுக்கவிடாமலே பைக் வரை தூக்கிக்கொண்டு போனேன்.

வீட்டில் நூர்பானு எப்படி இருந்தது என்று கேட்டாள். சுமையாதான் சொன்னாள்.

"அத்தா என்னையத் தூக்கிக்கிட்டு தண்ணிக்குள்ள ஓடுனாங்கம்மா. அம்புட்டு நல்லாருந்துச்சு. பெரியாளானதும் நானே தனியாப் போவேன்."

ஓடைக்குள் நின்றபோதுகூட நான் அப்படிப் பயப்படவில்லை. அவளை உட்காரவைத்து, நீ இருந்த பாறை முங்கிப்போயிற்று, இன்னும் ஒரு நிமிஷம் தாமதித்திருந்தால் நாம் இரண்டு பேரும் இல்லை என்றேன். அத்தா சும்மா பயங்காட்டுறாங்க என்று அவள் அம்மாவைப் பார்த்துச் சிரித்தாள். அவள் எதையுமே பார்த்திருக்கவில்லை. பார்க்கவிடாமல் செய்தவன் நான்தான்.