நகலுக்கு விழுந்த அடி

பொன்னுரங்கம் சும்மா அடிக்கமாட்டான். பழமொழி சொல்லித்தான் அடிப்பான்.

"அடி ஒதவுற மாதிரி அண்ணன் தம்பி ஒதவமாட்டான் சார்" என்று சொல்லிக்கொண்டே எலியேசரின் வலது கையை உருட்டுக்கட்டையால் முறித்தான். வீட்டை எழுதிக் கொடுக்கமாட்டேன் என்ற கை அது. பிறகு பீரோவை இழுத்துத் தள்ளி, பத்திரம், வரி ரசீது எல்லாவற்றையும் அள்ளி வாசலில் போட்டு, எலியேசரின் ஸ்கூட்டர் பெட்ரோலையே ஊற்றிக் கொளுத்தினான். பிடுங்கப் போன ஜெயசீலியைத் தலைமயிரைப் பிடித்துச் சுவரில் மோதினான். எலியேசரின் மனைவி அவள், பள்ளிக்கூட டீச்சர்.

"இது என் காலி மனை. இதுல வூடு எங்க கீது?" என்று கேட்டுவிட்டுப் போனான் படுபாவி.

தாம்பரத்துக்குத் தெற்கே வயலெல்லாம் பிளாட்டாகிக்கொண்டிருந்த காலம். வல்லான் வகுத்ததுதான் வாய்க்கால். போலீஸ் ஸ்டேஷனில், "இது சிவில் மேட்டர்மா, கோர்ட்டுக்குப் போங்க" என்றார்கள். கை முறிந்ததும் சிவில்தானா என்று ஜெயசீலி கேட்டாள். ஏட்டு டீ குடிக்க எழுந்து போய்விட்டார்.

வக்கீல்தான் வழி சொன்னார். "பத்து வருஷமா வீட்டுவரி கட்டியிருக்கீங்க இல்லையா, அதுக்குப் பஞ்சாயத்து ஆபீஸ்ல நகல் வாங்கிட்டு வாங்க. திங்கட்கிழமை தடை உத்தரவு வாங்கிடலாம். இல்லேன்னா செவ்வாய்க்கிழமை உங்க வீட்டுல செங்கல்கூட இருக்காது."

சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கணுமே. பஞ்சாயத்து ஆபீஸ் கிளார்க் பத்ரிநாராயணன் ஸ்டாம்ப் ஒட்டவில்லை என்றார், நாளைக்கு வாங்கோ என்றார், பதிவேட்டைத் தேடணும் என்றார். ஒருவழியாக வியாழக்கிழமை நகல் கொடுத்தார். அதை வாங்கிக்கொண்டு ஜெயசீலி கேட்டைத் தாண்டவில்லை, பொன்னுரங்கம் பிடித்துக்கொண்டான்.

"இன்னா டீச்சரம்மா, காயிதம் கெட்ச்சுதா?"

நகலைப் பிடுங்கிக் கிழித்தான். அவள் தாடையை அழுத்தி வாயைத் திறந்து, கிழித்ததை உள்ளே திணித்தான். உதடு பிய்ந்தது. டீக்கடையில் நின்றவர்கள் டீயையே பார்த்தார்கள்.

வெள்ளிக்கிழமை அவள் மறுபடியும் ஆபீஸுக்குப் போனாள். கண்ணீர் நேற்றே வற்றிவிட்டது. 

"சார், இன்னொரு நகல் வேணும்."

"நேத்துதானேம்மா கொடுத்தேன்?" என்றார் பத்ரிநாராயணன்.

ஜன்னலுக்கு வெளியே பொன்னுரங்கம் வெற்றிலை மென்றுகொண்டு நிற்பதை அவள் பார்த்தாள். பார்த்துவிட்டுத்தான் குரலை உயர்த்தினாள்.

"கிழிச்சிட்டான் சார். கிழிக்கட்டும். நகலைத்தானே கிழிச்சான்? அசல் பதிவேடு உங்க மேஜை மேலதானே இருக்கு? எத்தனை கிழிச்சாலும் இன்னொண்ணு வாங்குவேன்."

வெற்றிலை மெல்லும் வாய் நின்றது. மறு நிமிடம் அவன் உள்ளே இருந்தான். பதிவேட்டில் கை வைத்தான். பத்ரிநாராயணன் அதை மார்போடு கட்டிக்கொண்டார். தேவைப்பட்டவளுக்கே ஒரு தாள் கொடுக்க அழுத மனிதர், ரவுடிக்கு முழுப் பதிவேட்டையா கொடுப்பார்? "கவர்மெண்டு சொத்து, தொடாதே" என்றார். பொன்னுரங்கம் மேஜையில் பேப்பர்வெயிட்டாக இருந்த கண்ணாடிக் குண்டை எடுத்து அவர் வாயிலேயே இடித்தான். முன்பல் மேஜையில் விழுந்தது. இன்னொரு இடியில் மூக்கும் உடைந்தது.

ஆபீஸே அலறியது. ஓடத் திரும்பியவனின் காலுக்குக் குறுக்கே ஜெயசீலி பெஞ்சை இழுத்துவிட்டாள். குப்புற விழுந்தான். பெஞ்சின் காலை அவன் வலது முழங்கை மேல் தூக்கி வைத்து, அதன்மேல் உட்கார்ந்தாள். எலும்பு முறிகிற சத்தம் அவளுக்கு நன்றாகக் கேட்டது. எலியேசரின் கை முறிந்தபோதும் அதே சத்தம்தான்.

"அடி உதவற மாதிரி அண்ணன் தம்பி உதவமாட்டான் பொன்னுரங்கம்" என்றாள்.

டீ ஆறுவதற்குள் ஜீப் வந்துவிட்டது. இன்ஸ்பெக்டரே வந்தார். டியூட்டியில் இருந்த அரசாங்க ஊழியர் மேல் கை வைத்துவிட்டானாம். யாரும் சிவில் மேட்டர் என்று சொல்லவில்லை. முறிந்த கையோடு அவனை அடித்து இழுத்துக்கொண்டு போய் ஜீப்பில் ஏற்றினார்கள்.

பத்ரிநாராயணன் வாயில் துண்டை வைத்துக்கொண்டு நகல் எழுதினார். ஸ்டாம்ப் கேட்கவில்லை. ஆபீஸ் சீலை எடுத்தவர், குத்தாமல் நிறுத்தினார்.

"ஏம்மா, அவன் ஜன்னல்ல நிக்கறது தெரிஞ்சும் எதுக்கு அவ்வளவு சத்தமாப் பேசினே?"

ஜெயசீலி மேஜையில் கிடந்த பல்லைப் பார்த்தாள். அவளுக்கு வெட்கமாகத்தான் இருந்தது. ஆனாலும் மறைக்கவில்லை.

"எங்களை அடிச்சா போலீஸ் வரலை சார். உங்களை அடிச்சாதான் வரும்."

அவர் அவளுடைய பிய்ந்த உதட்டைப் பார்த்தார். பிறகு நகலில் ரத்தம் சொட்டிய இடத்தை விட்டுத் தள்ளி, சீலைக் குத்திக் கொடுத்தார்.