மேட்டில் நின்ற வண்டி

அந்த வீட்டில் அடுப்பு மேடைக்கும் குளியலறைக் கதவுக்கும் நடுவே ஒரு ஆள் ஒருக்களித்துப் போகிற அளவுக்குத்தான் இடம். ஒரு மாதமாக அது ஒருவழிப் பாதையாகியிருந்தது. காலையில் துண்டோடு பாய்ந்து வருகிற மகனை அம்மா கரண்டியை நீட்டி மறிப்பாள்.

"நில்லுடா. உள்ள இருக்கறவங்களுக்குத்தான் முதல் உரிமை."

"அது ரவுண்டானாவுக்கும்மா."

"நம்ம வீட்டுல எதுடா ரவுண்டானா இல்ல? நாலு பேரும் சுத்திச் சுத்தி இங்கயேதானே வந்து நிக்கறோம்."

அம்மாவுக்கு எழுத்துக்கூட்டித்தான் படிக்க வரும். சாயங்காலம் அலுவலகங்களில் தரை துடைக்கிற வேலை. ஆனால் மகள் சாலை விதிப் புத்தகத்தை வாய்விட்டுப் படித்ததைக் கேட்டுக் கேட்டு அவளுக்கும் பாதி மனப்பாடமாகிவிட்டது. முக்கோணத்துக்குள் இருந்தால் எச்சரிக்கை, சிவப்பு வட்டத்துக்குள் இருந்தால் செய்யாதே. வட்டத்துக்குள் இருப்பதைத்தான் தன் பிள்ளை வரிசையாகச் செய்கிறான் என்று அவள் சொல்வாள். அவன் ஸ்கூட்டரில் பார்சல் கொண்டுபோகிறவன். ஹெல்மெட்டைத் தலையைத் தவிர எல்லா இடத்திலும் மாட்டுவான்.

மகளுக்குத் தெருவில் பெயர் டிகிரி. அந்தக் குடும்பத்தில் கல்லூரிப் படி ஏறிய முதல் ஆள். பாதி பெருமைக்கும் பாதி குத்தலுக்கும் வைத்த பெயர்தான். படித்து முடித்து இரண்டு வருடம் வேலை இல்லாமல் கிடந்ததில் பெருமை உதிர்ந்து குத்தல் மட்டும் மிச்சமிருந்தது. "என்ன டிகிரி, துணி காயப் போட வந்தியா?" என்று மாடிக்காரி கேட்கும்போதெல்லாம் அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும். பட்டம் வாங்கினவள் துணி காயப் போடக் கூடாதா, ஈரத்தையே உடுத்திக்கொண்டு திரிய வேண்டுமா?

இப்போதுதான் ஒரு வேலை வந்திருந்தது. தண்ணீர்ப் பரிசோதனைக் கூடத்தில். ஊரைச் சுற்றியிருக்கிற தொட்டிகளிலும் கிணறுகளிலும் தண்ணீர் பிடித்துக்கொண்டு வந்து சோதிக்க வேண்டும். அவள் படித்த வேதியியலுக்கு ஏற்ற வேலை. போய்வர ஒரு சின்ன வண்டி தருவார்கள், அதைத் தானே ஓட்ட வேண்டும். கூடத்தின் மேலாளர் அம்மாள் சுற்றி வளைக்காமல் சொல்லிவிட்டார்: "திங்கட்கிழமை லைசன்ஸோட வாங்க. இல்லன்னா அடுத்த ஆளைக் கூப்பிட்டுக்குவேன். தப்பா நினைக்காதீங்க."

தேர்வு வியாழக்கிழமை.

ஓட்டுநர் பள்ளி என்பது ஜெராக்ஸ் கடைக்குப் பக்கத்தில் ஒரு மேஜையும் வாசலில் ஒரு பழைய காரும். சொல்லிக்கொடுக்கிறவரை எல்லோரும் மாஸ்டர் என்பார்கள். மை பூசிய மீசை, மடியில் விரித்த செய்தித்தாள். பக்கத்து இருக்கையில் உட்கார்ந்ததும் விளையாட்டுப் பக்கத்தில் ஆரம்பிப்பார். அவர் பக்கமும் மூன்று பெடல்கள் உண்டு. முதல் நாளே காட்டினார். "இது ஆபத்துக்கு. நீ யாரையாவது சாச்சுடப் போறன்னா அமுக்கறதுக்கு. மத்தபடி நான் சும்மா பேப்பர் படிக்கறவன்தான் தங்கச்சி."

பார்வை எப்போதும் சாலையில் இருக்க வேண்டும் என்று புத்தகம் சொன்னது. டிகிரி சாலையைத் தவிர வேறெதையும் பார்க்கவில்லை. வண்டி வழுக்கிக்கொண்டு போனது. மற்றவர்கள் ஓட்டும்போது வண்டி குலுங்கும், இருமும், நடுத்தெருவில் செத்துப்போகும் என்று கேள்விப்பட்டிருந்தாள். இவளிடம் ஒரு தடவைகூட அணையவில்லை.

"இத்தனை வருஷத்துல ஒரு நாள்கூட வண்டியை ஆஃப் பண்ணாத ஆள் நீதான் டிகிரி," என்றார் மாஸ்டர் பேப்பரைத் திருப்பிக்கொண்டே. "படிச்சவங்க படிச்சவங்கதான்."

அதை அவள் அப்படியே நம்பினாள். நம்பாமல் என்ன செய்வாள்? கிளட்ச் எப்படி வேலை செய்கிறது என்று படம் பார்த்துப் புரிந்துகொண்டவள் அவள். அன்று ராத்திரி சாப்பாட்டுத் தட்டு இரண்டை எடுத்து ஒன்றோடொன்று ஒட்டித் தேய்த்துத் தம்பிக்கு விளக்கினாள். இந்தத் தட்டு எஞ்சின், இந்தத் தட்டு சக்கரம், ரெண்டும் மெதுவாகச் சேர வேண்டும்.

"தட்டைக் கழுவி வைக்கா, பசிக்குது," என்றான் தம்பி. "நான் இதெல்லாம் தெரியாமத்தானே ஓட்டறேன்?"

"அதான் வாரத்துக்கு ஒரு தடவை முட்டியைப் பேத்துக்கிட்டு வர்ற."

மூலையில் கால் நீட்டி உட்கார்ந்திருந்த அப்பா லேசாகச் சிரித்தார். அவர் பெரிய ஆஸ்பத்திரியில் அவசரப் பிரிவில் ஸ்ட்ரெச்சர் தள்ளுகிறவர். ரோட்டில் அடிபட்டு வருகிறவர்களை வாசலிலிருந்து உள்ளே கொண்டுபோவதுதான் வேலை. வீட்டுக்கு வந்தால் முழங்கை வரைக்கும் சோப்புப் போட்டுக் கழுவுவார். என்ன ஏது என்று எதுவும் சொல்ல மாட்டார். யாரும் கேட்கவும் மாட்டார்கள்.

எழுத்துத் தேர்வில் டிகிரி ஒரு கேள்வியைக்கூடத் தவறவிடவில்லை. கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்திருந்த குமாஸ்தா, "காப்பி அடிக்கவும் இங்க வழி இல்லையே" என்று வியந்தார். அதை அம்மா கட்டிடம் முழுக்கச் சொல்லி முடித்துவிட்டாள், மாடிக்காரி உட்பட.

வியாழக்கிழமை காலை அம்மா தன் வேலைச் செருப்பைக் கொண்டுவந்து வைத்தாள். மூடின ஷூ, ஈரத்தரையில் வழுக்காத அடி. கழன்று விழுகிற செருப்போடு வண்டி ஓட்டக் கூடாது என்பது புத்தகத்தில் இருந்தது, மகளிடம் இருந்ததெல்லாம் ரப்பர் செருப்பு. ஷூ ஒரு அளவு பெரிது. முன்னால் துணி அடைத்துப் போட்டுக்கொண்டு போனாள்.

தேர்வு மைதானத்தில் சிமெண்டால் கட்டிய ஒரு மேடு. அதன் அடியில் வரிசையாகத் தகர டிரம்கள். தேர்வுக்கு வந்தவர்கள் நீளமாக வரிசையில் காத்துக்கொண்டிருந்தார்கள். இன்ஸ்பெக்டர் பின்சீட்டில் ஏறி, ஃபோனிலிருந்து கண்ணை எடுக்காமலே, "ம்" என்றார். மாஸ்டர் வழக்கம்போல முன்னால், மடியில் பேப்பர்.

எட்டுப் போட்டாள். வண்டி எண்ணெய் மாதிரி வழிந்து போனது. பின்பக்கமாக எடுத்து நிறுத்தினாள். கடைசியாக மேடு. பாதி ஏறி நிறுத்த வேண்டும், பிறகு ஒரு சாண்கூடப் பின்னால் நழுவாமல் மேலே எடுக்க வேண்டும்.

நிறுத்தினாள்.

"எடுங்க," என்றார் இன்ஸ்பெக்டர்.

பிரேக்கிலிருந்து காலை மாற்றும்போது ஷூ பெடலுக்கு அடியில் மாட்டிக்கொண்டது. இழுத்தாள். ஷூ அங்கேயே நிற்க, கால் மட்டும் வெளியே வந்தது. பதறியதில் மற்ற காலும் மேலே எழும்பிவிட்டது. இரண்டு காலும் அந்தரத்தில். இப்போது வண்டி பின்னால் உருண்டு டிரம்மில் மோதப் போகிறது என்று கண்ணை இறுக மூடினாள்.

வண்டி நின்ற இடத்திலேயே நின்றது.

பிறகு, அவள் எதையும் தொடாமலே, எஞ்சின் மெல்ல உறுமியது. வண்டி ஒரு குலுக்கல் இல்லாமல் மேட்டில் ஏறி உச்சியில் போய் நின்றது.

டிகிரி கையை நீட்டி மாஸ்டரின் மடியிலிருந்த பேப்பரைத் தூக்கினாள். அடியில் அவருடைய வெறுங்கால்கள். செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, தையல் மெஷின் மிதிக்கிற மாதிரி விரல்களால் பெடல்களைப் பிடித்துக்கொண்டிருந்தார்.

"பாஸ். இறங்குங்க. அடுத்த ஆள்," என்றார் இன்ஸ்பெக்டர்.

அவள் இறங்கவில்லை. ஒரு மாதம். ஒவ்வொரு திருப்பம், ஒவ்வொரு சிக்னல். "படிச்சவங்க படிச்சவங்கதான்." தட்டு இரண்டை வைத்துப் பாடம் எடுத்தது வேறு. முகம் தீப்பிடித்த மாதிரி எரிந்தது.

"சார், ஓட்டினது நான் இல்ல."

"என்னது?"

"பாஸ் ஆன சந்தோஷம் சார், தங்கச்சிக்கு நாக்கு குழறுது," என்றார் மாஸ்டர் அவசரமாக.

"நாக்கெல்லாம் நல்லாத்தான் இருக்கு. என் ரெண்டு காலும் மேல இருந்துச்சு சார். வண்டி தானா ஏறுச்சு. இவருதான் ஓட்டினாரு."

இன்ஸ்பெக்டர் முதல் தடவையாக ஃபோனைக் கீழே வைத்தார். "தெரியும்மா," என்றார் அலுப்போடு. "பின்னாடி உக்காந்திருக்கறவனுக்கு இது தெரியாதா? எல்லாரும் லைசன்ஸ் வாங்கிட்டு ரோட்டுல போய்த்தான் கத்துக்கறாங்க. நீயும் போய்க் கத்துக்கோ. இறங்கு, வெயில் ஏறுது."

"ரோட்டுல போய் யார் மேல ஏத்திக் கத்துக்கறது சார்?"

மாஸ்டர் அவள் பக்கம் சாய்ந்து கிசுகிசுத்தார். "வேலை வேணுமா வேணாமா உனக்கு? திங்கட்கிழமைன்னு நீதானே சொன்ன?"

சொன்னதுதான். திங்கட்கிழமை இந்தப் பக்கத்து இருக்கையில் தண்ணீர் பாட்டில் பெட்டிதான் இருக்கும். பெட்டிக்குக் கால் கிடையாது.

"இவரை இறங்கச் சொல்லுங்க சார். நானே எடுக்கறேன். வந்தா பாஸ் போடுங்க."

இன்ஸ்பெக்டருக்குக் கோபம் தலைக்கேறிவிட்டது. "இறங்குய்யா மாஸ்டர். அம்மா ஓட்டட்டும். நானும் இறங்கிக்கறேன், எனக்குப் பிள்ளைகுட்டி இருக்கு."

மாஸ்டரே மேட்டின் அடிக்கு வண்டியைக் கொண்டுவந்து விட்டதும் இருவரும் இறங்கி ஒதுங்கினார்கள். அவள் மற்ற ஷூவையும் உதறிவிட்டு வெறுங்காலோடு உட்கார்ந்தாள். கிளட்சை விட்டாள். வண்டி குதித்துச் செத்தது. மறுபடி. மறுபடி. வரிசையில் நின்றவர்கள் சிரிக்க ஆரம்பித்தார்கள். ஒரு வழியாகப் பாதி மேடு ஏறினாள். அங்கே அணைந்தது. பிரேக் எது என்று கால் தேடுவதற்குள் வண்டி பின்னால் உருண்டு, டிரம்கள் தடதடவென்று மைதானம் முழுக்க ஓடின.

"இப்ப சந்தோஷமா?" என்று கேட்டுவிட்டு இன்ஸ்பெக்டர் பெயில் போட்டார்.

வீட்டில் அன்று மூன்று பேரும் அவளுக்காகக் காத்திருந்தார்கள். அவள் நடந்ததை மறைக்காமல் சொன்னாள். முதலில் வாயைத் திறந்தது தம்பிதான்.

"பாஸ் போட்டவரைக் கூப்பிட்டு பெயில் போடச் சொன்ன ஒரே ஆளு நீதான்கா. உனக்கு மைதானத்துலயே ஒரு சிலை வைக்கலாம். டிரம் பக்கத்துல."

"வாயை மூடுடா."

"நான் மூடிக்கறேன். நீ ஏன் அங்க மூடல?"

அவள் அப்பாவைப் பார்த்தாள். இவர் ஒருத்தராவது தன் பக்கம் பேசுவார் என்று மைதானத்திலிருந்து நடந்து வருகிற வழியெல்லாம் நினைத்துக்கொண்டு வந்திருந்தாள். அடிபட்டு வருகிறவர்களின் கோலத்தைத் தினமும் பார்க்கிறவர் ஆயிற்றே.

"என்னை ஏம்மா பாக்கற?" என்றார் அப்பா. குரல் உயரவில்லை. "நான் தள்ளிக்கிட்டுப் போறேனே, அவங்களை அடிச்சவன் எல்லாம் லைசன்ஸ் வச்சிருக்கறவன்தான். உனக்குக் குடுக்க வந்த மாதிரிதான் அவனுக்கும் குடுத்திருப்பாங்க. எவனுக்காவது வேலை போச்சா? எல்லாரும் நல்லாத்தான் இருக்காங்க. உனக்கு மட்டும்தான் போகுது."

"அதுக்காக நானும் போய் அடிக்கணுமாப்பா?"

"நீ அடிப்பன்னு யார் சொன்னா? பாத்து மெதுவா ஓட்டியிருப்ப." அவர் எழுந்து போய்க் குழாயடியில் கை கழுவினார். கழுவ ஒன்றும் இல்லை. இருந்தாலும் முழங்கை வரைக்கும் தேய்த்துத் தேய்த்துக் கழுவினார்.

 அம்மாவுக்கு வேலைக்கு நேரமாகியிருந்தது. மகள் கையிலிருந்த ஷூவை வாங்கினாள். பெடலில் மாட்டி இழுத்ததில் பின்பக்கம் வாய் பிளந்திருந்தது. திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுச் சுவரோரம் வைத்தாள். ரப்பர் செருப்பைப் போட்டுக்கொண்டு ஈரத்தரை துடைக்கக் கிளம்பினாள். படியில் மாடிக்காரி, "என்ன, பாஸா?" என்று கேட்பதும், அம்மா விறுவிறுவென்று இறங்குவதும் உள்ளே வரைக்கும் கேட்டது.

டிகிரி பரிசோதனைக் கூடத்துக்கு ஃபோன் செய்தாள். அடுத்த தேர்வு வரைக்கும் பொறுக்க முடியுமா என்று கேட்டாள். மேலாளர் அம்மாள் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். "உண்மையைச் சொன்னதுக்கு சந்தோஷம்மா. ஆனா தண்ணி காத்திருக்காது. அடுத்த ஆள் லைசன்ஸ் வச்சிருக்காரு," என்றார்.

அவருக்கு ஓட்டத் தெரியுமா என்று கேட்க வாய்வரைக்கும் வந்தது. கேட்டு என்ன ஆகப் போகிறது? ஃபோனை வைத்தாள். அன்று ராத்திரி அவளுக்கு அழுகை வரவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டு படுத்திருந்தாள்.

மறுநாள் காலை அவள் ஓட்டுநர் பள்ளி வாசலில் போய் நின்றபோது மாஸ்டர் எழுந்தேவிட்டார்.

"உனக்கு இங்க என்ன வேலை? என் பொழப்புல மண்ணை அள்ளிப் போட்டுட்ட இல்ல? போ, போயிடு. உன்னைப் பாஸ் பண்ண வைக்கப் பாத்தது என் தப்புதான்."

"பாஸ் பண்ண வைக்க வேணாம். சொல்லிக் குடுங்க. இன்னும் ஒரு நாள்கூட நீங்க எனக்குச் சொல்லித் தரல."

"சொல்லித் தரலையா? ஒரு மாசமா என்ன பண்ணேன்?"

"நீங்க ஓட்டினீங்க. நான் கூட வந்தேன்."

உள்ளே பெஞ்சில் தன் முறைக்காகக் காத்திருந்த ஒரு டீச்சர் தலையை நிமிர்த்தினாள். "மாஸ்டர், அப்போ என்னையும் சூப்பரா ஓட்டறீங்கன்னு சொன்னீங்களே? ஒரு தடவைகூட ஆஃப் ஆகலயே?"

மாஸ்டர் டீச்சரைப் பார்த்தார். டிகிரியைப் பார்த்தார். பிறகு சாவியை எடுத்து மேஜையில் போட்டார். "ஏறித் தொலை."

ஏறினாள். ரப்பர் செருப்பைக் கழற்றி வாசலிலேயே வைத்திருந்தாள். மாஸ்டர் பேப்பரோடு பக்கத்து இருக்கையில் வந்து உட்கார்ந்தார்.

"காலை மேல தூக்குங்க மாஸ்டர்."

"என்னது?"

"சம்மணம் போட்டு உக்காருங்க. பேப்பரைப் பின்சீட்டுல போடுங்க."

"தெருவுல பஸ் போகுது தாயி."

"எனக்கும் பயமாத்தான் இருக்கு. தூக்குங்க."

மாஸ்டர் இரண்டு காலையும் மடக்கி இருக்கையில் உட்கார்ந்தார். இரண்டு கையாலும் கதவுக்கு மேலிருந்த பிடியைப் பற்றிக்கொண்டார். டிகிரி சாவியைத் திருப்பினாள். கண்ணாடியைப் பார்த்தாள், சிக்னல் போட்டாள், எல்லாம் புத்தகத்தில் இருந்தபடி. கிளட்சை விட்டாள். வண்டி இருமிக் குதித்துத் தெருவில் பாதி நீட்டிக்கொண்டு செத்துப்போனது. பின்னால் வந்த பஸ் காது கிழிய ஹாரன் அடித்தது.

"ஆஃப் ஆயிடுச்சு," என்றார் மாஸ்டர் கண்ணை மூடிக்கொண்டு.

"ஆகட்டும்," என்று அவள் மறுபடி சாவியைத் திருப்பினாள்.