புட்டஸ்வாமியின் படத்துக்கு ஓர் ஆணி

புட்டஸ்வாமி அண்ணனைத் தெரியாத வீடு பெங்களூரில் இல்லை. கம்பெனி நாடகத்தில் ஊர் ஊராகத் திரிந்து, தலை நரைத்த பிறகு டிவிக்கு வந்தவர். கௌரி பண்டிகைக்கு மகள் வீட்டுக்கு வந்துவிட்டு, ஊருக்கே திரும்பாத மாமனார் வேஷம். சீரியல் ஏழு வருஷமாக ஓடுகிறது. கொத்தமல்லி விற்கிறவள்கூட, "மாமா, இன்னும் கிளம்பலையா?" என்று கேட்டு ஒரு கட்டு சும்மா போடுவாள்.

நான் அந்த சீரியலில் செட் வேலை. ஆணி அடிப்பேன், சோபா தூக்குவேன். ராஜராஜேஸ்வரி நகரில் ஒரு வாடகை வீட்டில் ஷூட்டிங்.

போன வாரம் டைரக்டர் லோகேஷ், "அண்ணா, நல்ல போட்டோ ஒண்ணு குடுங்க, பெருசாப் போடணும்" என்று கேட்டார். சேனல்காரர்களிடம் "இந்தப் பையனுக்கு நான் பொறுப்பு" என்று சொல்லி லோகேஷுக்கு வேலை வாங்கிக் கொடுத்ததே அண்ணன்தான். வீடெல்லாம் தேடி, சிரித்த முகமாக ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்தார்.

இன்று காலை மேனேஜர் என்னைச் சிக்பேட்டைக்கு அனுப்பிச் சந்தனச் சீவல் மாலை வாங்கச் சொன்னார். எங்கள் பக்கம் பெரியவர்களைக் கௌரவிக்கும்போது மைசூர்த் தலைப்பாகை வைத்து அந்த மாலையைத்தான் போடுவார்கள். பெரிய படம், சந்தன மாலை. எனக்கு வேறெதுவும் தோன்றவில்லை. வாசலிலேயே அண்ணனைப் பிடித்துச் சொல்லிவிட்டேன்.

"இன்னிக்கு உங்களுக்கு மரியாதைண்ணா!"

"போடா பைரா, எனக்கா?"

"மாலை நான்தான் வாங்கிட்டு வந்தேன்."

"தலைப்பாகையும் உண்டா? இந்த மொட்டையில நிக்கணுமே!"

வேஷ உடுப்பை ஓரம் வைத்துவிட்டு, ஜரிகை வேட்டி கட்டப் போனார்.

மேனேஜர் படத்தை என் கையில் கொடுத்தார். "ஹால்ல மாட்டு. மாலை போட்டுப் பொட்டு வை. கீழ ஒரு விளக்கு."

பொட்டு என்றதும் கை நின்றுவிட்டது. "சார், இது..."

"கதையில மாமா செத்துட்டார்டா. அடி ஆணியை."

"அவர்கிட்ட சொல்லலையா சார்?"

"சொன்னா ஷூட்டிங்குக்கு வருவாங்களா? எந்த சீரியல்ல யாருக்குச் சொல்லியிருக்கோம்? படத்தைப் பார்த்தா தானாத் தெரிஞ்சுக்குவாங்க."

அடித்தேன். ஏணியிலிருந்து இறங்குவதற்குள் அண்ணன் வந்துவிட்டார்.

"ஏய், மாலையை என் கழுத்துல போடுவீங்கன்னு பார்த்தா படத்துக்குப் போட்டு..." என்று சிரித்தவர், பொட்டையும் விளக்கையும் பார்த்தார். சிரிப்பு அப்படியே அறுந்தது.

லோகேஷ் மானிட்டரை விட்டுத் தலை தூக்கவில்லை. "சேனல் முடிவுண்ணா. மாமா செத்தா ரேட்டிங் ஏறும்ங்கிறாங்க."

"என் கையாலயே படத்தை வாங்கிக்கிட்டியே, லோகேஷா."

அண்ணன், மகளாக நடிக்கும் ஸ்பூர்த்தி பக்கம் திரும்பினார். கேமரா இல்லாதபோதும் அவரை அப்பா என்றுதான் கூப்பிடுவாள். நேற்றுகூட அவர் டப்பாவிலிருந்து அக்கி ரொட்டி பிய்த்துத் தின்றாள். இப்போது வெளுத்த புடவையில் தயாராக நின்றாள்.

"உனக்குமா தெரியும், மகளே?"

"போன வாரமே தெரியும்ப்பா. சொன்னா என்னையும் தூக்கிடுவாங்கன்னு பயந்துட்டேன்."

லோகேஷ் குறுக்கே வந்தார். "அண்ணா, ரெண்டு வரி குரல் மட்டும் குடுத்துட்டுப் போங்க. படம் பேசுற மாதிரி ஒரு ஷாட் இருக்கு."

"செத்தும் பேசுற அளவுக்குப் பெரிய நடிகன் இல்லப்பா நான்" என்று சொல்லிவிட்டுச் செருப்பைத் தேடி மாட்டிக்கொண்டு போனார். லைட்டைப் பிடித்தவன் லைட்டையே பிடித்துக்கொண்டு நின்றான். நானும் ஏணியை விட்டு நகரவில்லை.

ஷாட் தொடங்கியது. படத்துக்கு முன்னால் ஸ்பூர்த்தி கிளிசரின் இல்லாமலே அழுதாள். ஒரே டேக். லோகேஷ் கைதட்டினார்.

அவள் முகத்தைக்கூடத் துடைக்காமல் என்னிடம் வந்தாள்.

"அண்ணா, நான் அழுததை அப்பா வாசல்ல நின்னு பாத்தாரா?"

"அப்பவே ஆட்டோ ஏறிப் போயிட்டாரும்மா."

"பைரா, விளக்கு அணையுது பாரு!" என்று மேனேஜர் கத்தினார். போய் எண்ணெய் ஊற்றினேன்.