வாசல் அட்டை

வீடு வீடாகப் போய்க் கொசுப்புழு பார்ப்பது என் வேலை. வாசலில் தொங்கும் அட்டையில் ‘புழு இல்லை’ என்று வாராவாரம் கையெழுத்துப் போடுவேன். நூற்றிருபது வீடு, வெயில் மண்டையைப் பிளந்தால் உள்ளே போகாமலே போட்டுவிடுவேன்.

போன வாரம் டெங்குவில் தையல்காரர் செத்துப்போனார். இன்று அவர் வீட்டு ஃபிரிட்ஜுக்குப் பின்னால் தண்ணீர் சொட்டும் தட்டை இழுத்தேன். என் நிழல் பட்டதும் புழுக்கள் எல்லாம் ஒன்றாக அடியில் இறங்கின.

“நீங்க பாத்துட்டுப் போறீங்கன்னு நிம்மதியா இருந்தாரு, அக்கா,” என்றாள் அவர் மனைவி.

வீடு திரும்பினேன். மகள் போர்த்திப் படுத்திருந்தாள்.

“லேசா காய்ச்சல்மா.”

எங்கள் வாசல் அட்டையிலும் வாரம் தவறாமல் என் கையெழுத்து இருந்தது. ஃபிரிட்ஜை நகர்த்தித் தட்டை இழுத்தேன். என் நிழல் தண்ணீரில் விழுந்தது. அடியில் இறங்கின.